கிளிமூக்கு மாம்பழப் பாகும் சாசேஜும்



ஆவணி பிறந்தால் நமது அடுக்களைப் பகுதிக்கு வரும் மடல்களுட் பெரும்பாலானவை புரட்டாசி நோன்பு பற்றியும் பிள்ளைகளின் பள்ளி உணவு பற்றியுமே இருக்கும். இம்முறை வந்த மடல் ஒன்றில் அவ்விரண்டும் ஒருங்கே சேர்ந்துவிட்டன. எழுதியவர் சில ஆண்டுகளுக்கு முன் இங்கிலாந்துக்குக் குடிவந்த ஓர் இளந்தாய். அவர்தம் புக்ககம் திருப்பதியை அடுத்த புத்தூர்ப் பக்கம். வீட்டில் கணவர், எட்டு வயதுப் பெண், ஊரிலிருந்து வந்து தங்கியிருக்கும் மாமியார் ஆக நால்வர்.

பெண்குழந்தை தோழி வீட்டில் சாசேஜ் உண்டு வந்து, "நம் வீட்டிலும் வேண்டும் அம்மா" என்று கேட்டதாம். அன்னையும் வாங்கிவந்தார். ஆயா அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "குடலுக்குள் எதை அடைத்தானோ, யார் கண்டது?" என்று தட்டை நகர்த்திவிட்டார். நம் ஊர்ச் சுவை சேர்ந்தால் அத்தையும் உண்பார் என்று கருதிய மருமகள், மறுநாள் அல்போன்சா மாம்பழக் கூழ் டப்பா ஒன்றைத் திறந்து, வாணலியில் கிடந்த சாசேஜின்மேல் அப்படியே ஊற்றிக் கொதிக்கவிட்டார். வெளியே கரி, உள்ளே பச்சை! ஆயா உண்ணவில்லை, குழந்தையும் உண்ணவில்லை. "இனி இதனை வீட்டுக்குள் கொண்டுவரலாமா, கூடாதா? நீங்கள்தாம் சொல்லவேண்டும். புரட்டாசி வேறு வருகிறது, அத்தை ஏழுமலையானுக்கு நேர்ந்துகொண்டவர்" என்று மடலை முடித்திருக்கிறார்.

அச்சகோதரியார் வருந்த வேண்டுவதில்லை. இதே பிழையை நாமும் செய்திருக்கிறோம். அதுவும் ஊரறியச் செய்திருக்கிறோம். ஒரு கோடையில் சங்கத்துக் குடும்பங்கள் பூங்காவில் கூடியபோது கரியடுப்பின் பொறுப்பை விரும்பி ஏற்றுக்கொண்டோம். சாசேஜுகளை மாம்பழக் கூழிலும் வெல்லத்திலும் ஊறவைத்துக் கொண்டுபோய்க் கனல்மேல் அடுக்கினோம். ஐந்து மணித்துளிக்குள் அத்தனையும் இலுப்பைக் கட்டைபோல் கறுத்துவிட்டன. பிள்ளைகள் வரிசையாய் வந்து எட்டிப் பார்த்துவிட்டு வரிசையாய் ஐஸ்கிரீம் வண்டிக்குப் போனார்கள். அன்று கற்ற பாடமே இன்று எழுதும் துணிவைத் தருகிறது.

முதற்கண் ஆயாவின் வினாவுக்கு விடை கூறவேண்டும். அவ்வினா நியாயமானதே. சாசேஜ் என்னும் சொல், உப்பிடப்பெற்றது என்று பொருள்படும் இலத்தீன் சொல்லின் வழி வந்தது. அறுத்த ஆட்டையோ பன்றியையோ ஒரே நாளில் உண்டு தீர்க்க இயலாத குடும்பங்கள், எஞ்சிய இறைச்சியைக் கொத்தி, உப்பும் மிளகும் கூட்டி, கழுவிய குடலில் அடைத்து வைத்த முறை அது. நம் பாட்டிமார் கறியை வார்களாய் அறுத்து உப்பும் மஞ்சளும் தடவிக் கொடியில் உலர்த்தி உப்புக்கண்டம் செய்ததும் இதே தேவையினால்தான். நமக்கு வெயில் இருந்தது, உலர்த்தினோம். அவர்களுக்கு வெயில் இல்லை, அடைத்தார்கள். குடல் என்றவுடன் முகஞ்சுளிப்பதும் நமக்குப் பொருந்தாது. ஞாயிற்றுக்கிழமைக் காலையில் ஆட்டுக்குடல் குழம்பு மணக்காத தெரு வடாற்காட்டில் உண்டோ?

இலங்கையிலிருந்து வந்த அன்பர்க்கு இது புதிதன்று. நீர்கொழும்பு, சிலாபம் பக்கங்களில் 'லிங்குஸ்' என்று விற்கும் பண்டம் போர்த்துக்கேயரின் லிங்குயிசாவின் வழித்தோன்றல். கோவாவில் மிளகாயும் வினிகரும் ஊறிய சோரிசோ உண்டு. 1949ஆம் ஆண்டு பெர்லின் நகரில் ஹெர்தா ஹோய்வர் என்னும் அம்மையார், பொரித்த சாசேஜின்மேல் தக்காளிச் சாறும் நம் பெயர் சொல்லும் கறித்தூளும் கலந்து ஊற்றி விற்றார். அதுவே இன்று ஜெர்மானியர் தெருவெல்லாம் உண்ணும் 'கறிவூர்ஸ்ட்'. போர் முடிந்த பாழ்நகரில் ஓர் அம்மையார் கறித்தூளைத் துணைக்கு அழைத்தார் என்றால், நாம் மாம்பழத்தை அழைப்பதில் என்ன வியப்பு?

"எதை அடைத்தானோ" என்பதற்கு விடை உறையின்மேலேயே அச்சிட்டிருக்கிறது. இந்நாட்டுச் சட்டப்படி 'பன்றி சாசேஜ்' என்று பெயரிட்டு விற்பதில் நூற்றுக்கு 42 பங்கேனும் பன்றியிறைச்சி இருக்கவேண்டும். பிற சாசேஜுகளுக்கு அதனினும் குறைந்த பங்கு போதும். மிச்சம் ரஸ்க்குத்தூள், நீர், கொழுப்பு, மசாலா. ஆகவே மலிவு என்று வாங்குவது பெரும்பாலும் ரொட்டித்தூளே. விழுக்காட்டைப் படித்து வாங்குங்கள்.

இன்னொன்றை நம்மவர் பலர் கவனிப்பதில்லை. கோழி சாசேஜ்தானே என்று வாங்கிவிடுகிறோம். உள்ளே கோழி, ஆனால் மேலுறை எதனால் ஆயது? ஆட்டுக்குடலாய் இருக்கலாம், பன்றிக்குடலாய் இருக்கலாம், மாட்டுத்தோலிலிருந்து எடுத்த கொலாஜனாயும் இருக்கலாம். மாட்டிறைச்சி விலக்கும் வீடும் பன்றியிறைச்சி விலக்கும் வீடும் மூலப்பொருட் பட்டியலில் 'உறை' என்ற சொல்லைத் தேடிப் படித்த பின்னரே கூடையில் இடவேண்டும். ஐயம் இருந்தால் உறையில்லாத சாசேஜை வாங்கலாம். அல்லது ஹலால் கறிக்கடையில் ஆட்டுக்குடலில் அடைத்த ஆட்டுச் சாசேஜைக் கேட்டு வாங்கலாம். ஆயா தம் மனநிறைவோடு உண்பதற்கு முதல் வழி இதுவே என்பது நமது எண்ணம். ஐயத்தோடு உண்ட சோறு உடம்பில் ஒட்டாது என்று நம் அன்னையார் கூறுவார்.

இனி அல்போன்சா டப்பாவுக்கு வருவோம். அச்சகோதரியார் வாங்கியது விலையுயர்ந்த நல்ல சரக்குத்தான். இவ்வேலைக்குத்தான் அது பொருந்தவில்லை. கடைகளில் கிடைக்கும் 850 கிராம் டப்பாக்களில் பெரும்பாலானவை சர்க்கரை சேர்த்தவை. பழத்தின் இனிப்போடு பாகின் இனிப்பும் சேர்ந்திருப்பதால் சூட்டில் சீக்கிரம் கருகும். அல்போன்சாவின் பெருமையெல்லாம் அதன் மணத்தில் இருக்கிறது. அம்மணமோ கொதிநிலையில் நிற்பதில்லை. பாயசத்துக்கு அதனை வைத்துக்கொள்ளுங்கள். சாசேஜின் கொழுப்பையும் உப்பையும் எதிர்த்து நிற்கப் புளிப்புக் கலந்த பழம் வேண்டும். அப்பழம் புத்தூர்க்காரருக்கு வீட்டுப் பழம், கிளிமூக்கு.

நம் அன்னையார் பிறந்த ஊர் சித்தூர். அங்கே அம்மாவின் தமையனார் வீட்டுத் தோப்பில் கோடை விடுமுறையைக் கழித்தோம். பழத்தின் நுனி கிளியின் அலகுபோல் வளைந்திருப்பதால் தமிழர் கிளிமூக்கு என்றார்கள். தோப்பிலே வேலைசெய்த தெலுங்கர் கலெக்டர் காய் என்றார்கள். எல்லை தாண்டிக் கோலார்ப் பக்கம் போனால் கன்னடத்தில் கிணிமூத்தி, அதுவும் கிளிமூக்குத்தான். வாணிகர் பெங்களூரா என்பர். ஆலைக்காரரும் ஏற்றுமதிக்காரரும் தோதாபுரி என்பர். அதிலும் தோதா என்பது கிளியே. ஒரு பழத்துக்கு மூன்று மொழியில் ஒரே பெயர் இருப்பதைப் பார்த்தால், பெயர் வைத்தவர்கள் யாவரும் ஒரே மரத்தடியில் இருந்திருப்பார்கள் போலும்.

இருந்தார்கள் என்பதே உண்மை. சித்தூர் மாவட்டம் 1911ஆம் ஆண்டில் வடாற்காட்டினின்றும் கடப்பையினின்றும் பகுதிகளை எடுத்து அமைக்கப்பட்டது. 1953ஆம் ஆண்டு அக்டோபர் 1ஆம் நாள் ஆந்திர மாநிலம் பிறந்தபோது சித்தூரும் திருப்பதியும் அதனோடு சென்றன. 1960ஆம் ஆண்டு ஏப்ரல் 1ஆம் நாள் திருத்தணி நம் பக்கம் வந்தது. 2022ஆம் ஆண்டு ஏப்ரலில் திருப்பதி தனி மாவட்டமாயிற்று. கோடுகள் இவ்வாறு இடம்மாறினவே ஒழிய, நகரியிலும் புத்தூரிலும் குப்பத்திலும் ஒரு வீட்டுத் திண்ணையில் இரண்டு மொழி பேசும் வழக்கம் மாறவில்லை. மாமரமும் மாறவில்லை.

கிளிமூக்கின் குணத்தைச் சிறிது விரித்துச் சொல்லவேண்டும், ஏனெனில் அதுவே பாகின் குணம். காயாய் இருக்கையில் மொறுமொறுப்பு, புளிப்பு மிதம். பேருந்து நிலையங்களிலும் கடற்கரையிலும் பூவாய்க் கீறி உப்பும் மிளகாய்த்தூளும் தடவித் தருவது இக்காயைத்தான். பழுத்தால் பங்கனப்பள்ளியின் தேனினிமை வாராது. அல்போன்சாவின் மணமும் வாராது. விருந்தினர்க்கு அறுத்து வைக்க யாரும் இதனைத் தேர்ந்தெடுப்பதில்லை. ஆனால் நார் குறைவு, சதை மிகுதி, விளைச்சல் மிகுதி. கூழாக்கினால் இனிப்பும் புளிப்பும் சமனாய் நிற்கும். ஆதலின் சித்தூர்ச் சீமையில் நிலக்கடலையும் கரும்பும் பயிரிட்ட பலர், மழை பொய்த்துக் கிணறு வற்றிய பின் இம்மரத்தை நட்டார்கள். அம்மரத்தை நம்பிக் கூழ் ஆலைகள் எழுந்தன. மாம்பழக் கூழில் இந்தியாவின் தலையாய இடங்களில் ஒன்றாகச் சித்தூர் வளர்ந்தது. நம் பக்கத்துக் கிருஷ்ணகிரி அதற்குத் துணைநின்றது. புட்டியில் அடைத்து விற்கும் மாம்பழப் பானங்களைக் குழந்தைகள் விரும்பிக் குடிக்கிறார்கள் அல்லவா? அவற்றுட் பலவற்றின் உடல் கிளிமூக்கே. விளம்பரத்தில் மட்டும் வேறு பழம் சிரிக்கும்.

ஆலையில் நடப்பது நம் அடுக்களையில் நடப்பதன் பெரிய வடிவந்தான். பழுக்கவைத்த பழத்தைக் கழுவி, கொட்டையும் தோலும் நீக்கிப் பிழிந்து, சல்லடையில் வடித்துச் சூடேற்றி, காற்றுப் புகாமல் டப்பாவிலோ, இருநூறு கிலோவுக்கு மேற்பட்ட பெரும் பீப்பாய்ப் பைகளிலோ அடைக்கிறார்கள். இரண்டு பங்கு பழத்துக்கு ஏறத்தாழ ஒரு பங்கு கூழ் கிடைக்கும். பழத்தில் இயல்பாகவே புளிப்பு இருப்பதால் கொதிநீர்ச் சூடே கெடாமல் காக்கப் போதுமானதாகிறது. வீட்டில் தோப்புப் பழம் மிகும்போது தெலுங்கர் 'மாமிடி தாண்ட்ர' செய்வர். கூழோடு வெல்லமோ சர்க்கரையோ கலந்து பாயில் மெல்லியதாய்ப் பூசி வெயிலில் காயவைத்து, அதன்மேல் மறுநாள் இன்னொரு பூச்சு, அதற்கு மறுநாள் இன்னொன்று எனப் பல நாள் அடுக்குவர். சாசேஜின்மேல் நாம் செய்யப்போவதும் அதுவே. பல நாள் வேலை சில மணித்துளியில் முடிகிறது, வெயிலுக்குப் பதில் வாணலி.

இங்கே ஒரு செய்தியை இடையில் சொல்லாமல் போக நமக்கு மனம் வரவில்லை. 2025ஆம் ஆண்டு கோடையில் கிளிமூக்கின் விலை சரிந்துவிட்டது. முந்திய ஆண்டின் கூழ் விற்காமல் ஆலைகளில் தேங்கிக்கிடந்தது, விளைச்சலோ மிகுந்திருந்தது. ஆலை வாயில்களில் பழம் ஏற்றிய டிராக்டர்கள் நாட்கணக்கில் வரிசையில் நின்றன. பழத்தைச் சாலையில் கொட்டினவர்களும் உண்டு. ஆந்திர அரசு கிலோவுக்கு 12 ரூபாய் என்று வகுத்தது. ஆலை 8 ரூபாய் தருவது, அரசு 4 ரூபாய் சேர்ப்பது என்பது ஏற்பாடு. அவ்வாண்டு ஜூன் 7ஆம் நாள், தமிழ்நாடு, கர்நாடகம் முதலிய பிற மாநிலங்களின் தோதாபுரி சித்தூர் மாவட்டத்துக்குள் வரலாகாது என்று மாவட்ட ஆட்சியர் ஆணை பிறப்பித்தார். கர்நாடக முதலமைச்சர் சித்தராமையா அதனை நீக்கக் கோரி ஆந்திர முதலமைச்சர் சந்திரபாபு நாயுடுவுக்குக் கடிதம் எழுதினார். ஒரே மண்ணில் ஒரே பெயரோடு விளைந்த பழம் சோதனைச் சாவடியில் நிற்கவேண்டி வந்தது. அந்தத் தடையைச் சித்தூர் உழவர் தமக்குக் காப்பென்று எண்ணினார். எல்லைக்கு இப்பாலுள்ளவர் வயிற்றிலடி என்று எண்ணினார். இருவரும் பொய் சொல்லவில்லை.

நம் கையிலுள்ள டப்பாவோடு இதனைக் கணக்கிட்டுப் பார்த்தோம். 850 கிராம் முழுவதும் கூழேயாயின் அதற்கு ஏறத்தாழ 1.7 கிலோ பழம் வேண்டும். கிலோ 12 ரூபாயானால் பழத்தின் விலை 20 ரூபாய். 8 ரூபாயானால் 14 ரூபாய்க்கும் குறைவு. இங்கே அந்த டப்பாவுக்கு நாம் கொடுக்கும் விலையை நீங்களே அறிவீர்கள். தகரம், ஆலை, கப்பல், கடை எல்லாவற்றுக்கும் செலவு உண்டு என்பதை மறுக்கவில்லை. ஆயினும் மளிகைக் கடைக்குப் போகும்போது, "தோதாபுரிக் கூழ் உண்டா? சர்க்கரை சேர்க்காதது உண்டா?" என்று பெயர் சொல்லிக் கேளுங்கள். பெயர் எழுதாமல் 'மாம்பழக் கூழ்' என்று மட்டும் அச்சிட்ட டப்பாக்கள் பலவற்றில் இருப்பது இப்பழமே. கேட்பவர் சிலர் இருந்தால் கடைக்காரர் பெயருள்ள டப்பாவை வரவழைப்பார். நாம் கேட்டுக் கேட்டு நம் பக்கத்துக் கடையில் ஒரு தட்டில் இடம்பிடித்துவிட்டோம்.

செய்முறைக்கு வருவோம். 6 சாசேஜ், அதாவது ஏறத்தாழ 400 கிராம், நால்வருக்குச் சோற்றோடு போதும். அதற்கான பாகு: சர்க்கரை சேர்க்காத கிளிமூக்குக் கூழ் 150 கிராம், பொடித்த வெல்லம் ஒரு மேசைக்கரண்டி, கெட்டியான புளிக்கரைசல் ஒரு தேக்கரண்டி, மிளகாய்த்தூள் அரைத் தேக்கரண்டி, ஒன்றிரண்டாய் இடித்த கடுகு அரைத் தேக்கரண்டி, தட்டிய இஞ்சி சிறிது, உப்பு ஒரு சிட்டிகை. சாசேஜிலேயே உப்பு உண்டென்பதை மறவாதீர்கள். கிடைத்தது சர்க்கரை சேர்த்த கூழாயின் வெல்லத்தை அறவே விட்டுவிட்டுப் புளியை இருமடங்காக்குங்கள். சித்தூர் வெல்லத்துக்கும் பெயர்போன ஊர்; ஊரிலிருந்து வருவோர் அச்சு வெல்லம் கொண்டுவந்திருந்தால் அதனை இதற்கென ஒதுக்கலாம்.

இச்சேர்மானத்தைப் படித்ததும் உங்களுக்கு ஒன்று நினைவுக்கு வந்திருக்கும். சித்திரை முதல்நாள் மாங்காய்ப் பச்சடி! வேப்பம்பூ ஒன்றுதான் குறை. மாங்காய்க்குப் பதில் பழக்கூழ் வந்திருக்கிறது. வெள்ளைக்காரர் ஆப்பிளையும் தேனையும் கடுகையும் கூட்டிப் பூசுவதைக் கண்டு இது அவர்கள் வித்தை என்று எண்ணிவிடுகிறோம். புளிப்பு, இனிப்பு, காரம், கடுகு என்னும் கூட்டணியை ஆண்டுதோறும் பிள்ளைகளின் நாக்கில் வைத்துவரும் நமக்கு இதனை யாரும் கற்பிக்க வேண்டுவதில்லை.

இவை யாவற்றையும் சிறு பாத்திரத்தில் இட்டுச் சிறுதீயில் கிளறுங்கள். மாம்பழக் கூழ் கொதிக்கும்போது எரிமலைபோல் கொப்பளித்துக் கையைச் சுடும். ஆகவே நீண்ட கரண்டி வேண்டும், குழந்தைகள் விலகி நிற்கவேண்டும். பாதியாய்ச் சுண்டியதும் பாத்திரத்தின் அடியில் கரண்டியால் ஒரு கோடு இழுத்துப் பாருங்கள். கோடு உடனே மூடினால் இன்னும் ஆகவில்லை. மூன்று எண்ணும்வரை நின்று மெல்ல மூடினால் இறக்கிவிடலாம். அதிரசத்துக்குப் பாகு பார்க்கத் தெரிந்த கைக்கு இது விளையாட்டு. இதனை முதல்நாளே செய்து குளிர்பெட்டியில் வைத்தாலும் பழுதில்லை.

சாசேஜை வேகவைப்பதில்தான் பலரும் பொறுமையிழக்கின்றனர். முள்கரண்டியால் குத்தாதீர்கள், குத்தினால் உள்ளிருக்கும் கொழுப்பும் சாறும் ஒழுகிச் சக்கை மிஞ்சும். தீ பெரிதாயின் உறை சுருங்கி வெடிக்கும். அடிகனத்த வாணலியில் ஒரு தேக்கரண்டி எண்ணெய் விட்டு, சிறுதீயில் அடிக்கடி புரட்டி 15 முதல் 20 மணித்துளி வேகவிடுங்கள். தடித்த சாசேஜுக்கு இன்னும் சிறிது நேரம் வேண்டும். அரைத்த இறைச்சி ஆதலின் மேலே சிவந்ததைக் கண்டு நம்பிவிடலாகாது. முழுத்துண்டு இறைச்சியில் மேற்புறத்திலே இருக்கும் கிருமி, அரைக்கும்போது நடுப்பகுதிவரை பரவிவிடும். இறைச்சி வெப்பமானி ஒன்றை வாங்கி வைத்துக்கொண்டால் நலம். நடுவில் பன்றிக்கும் ஆட்டுக்கும் மாட்டுக்கும் 71 பாகை, கோழிக்கு 74 பாகை காட்டவேண்டும். வெப்பமானி இல்லாதவர் ஒன்றை வெட்டிப் பாருங்கள். இளஞ்சிவப்பு நிறமோ சிவந்த சாறோ இருந்தால் மீண்டும் அடுப்புக்கே.

வெந்தபின் செய்யவேண்டிய ஒன்றை எந்தச் சமையற் குறிப்பும் நமக்கு அழுத்திச் சொல்லவில்லை; பட்டுத்தான் தெரிந்துகொண்டோம். வாணலியில் சேர்ந்த கொழுப்பை முழுதும் வடித்து, சாசேஜின் மேற்புறத்தையும் தாளால் ஒற்றி எடுக்கவேண்டும். எண்ணெய் வழியும் உடம்பில் பாகு பிடிக்காது. வழுக்கி வாணலியில் விழுந்து அங்கேதான் கருகும். துடைத்தபின் பாகைத் தூரிகையாலோ கரண்டியின் பின்புறத்தாலோ மெல்லியதாய்ப் பூசி, சிறுதீயில் ஒரு மணித்துளி புரட்டுங்கள். பூச்சு ஒட்டிப் பளபளத்ததும் இரண்டாம் பூச்சு. மீண்டும் ஒரு மணித்துளி. அவ்வளவே. பழத்திலுள்ள பழச்சர்க்கரை 110 பாகை அளவிலேயே நிறம் மாறத் தொடங்கும். கரும்புச் சர்க்கரைக்கு 160 பாகை வேண்டும். வாணலியின் அடியோ சிறிது கவனம் தப்பினால் 200 பாகையைத் தாண்டிவிடும். முதலிலேயே பாகை ஊற்றினால் இறைச்சி வேகும் முன்னே பழம் கரியாவது இதனால்தான். சகோதரியாரின் வாணலியிலும் நமது பூங்கா அடுப்பிலும் நேர்ந்தது இதுவே. ஓவனில் செய்வோர் 190 பாகையில் 20 முதல் 25 மணித்துளி வேகவிட்டு, கடைசி ஐந்து மணித்துளியில் மட்டும் பூசவேண்டும்.

ரொட்டியோடு உண்பது இந்நாட்டு வழக்கம். நாம் வில்லைகளாய் அரிந்து தயிர்ச்சோற்றுக்குப் பக்கத்தில் வைத்தோம். இதனைப் படித்துச் சிரிப்பவர்கள் ஒருமுறை செய்து பார்த்துவிட்டுச் சிரிக்கட்டும்.

மிஞ்சிய கூழை டப்பாவிலேயே விட்டுவைக்காதீர்கள். புளிப்புள்ள பண்டம் திறந்த தகரத்தில் கிடந்தால் தகரச்சுவை ஏறும். கண்ணாடிக் குப்பிக்கு மாற்றினால் மூன்று நான்கு நாள் தாங்கும். பனிக்கட்டித் தட்டின் குழிகளில் ஊற்றி உறையவைத்தால் மாதக்கணக்கில் வரும். ஒரு முறைக்கு ஐந்தாறு கட்டிகளை எடுத்துக்கொள்ளலாம்.

இனிப் புரட்டாசி. திருமலையின்மேல் புலாலும் மதுவும் கூடாது என்பதை யாவரும் அறிவோம். அம்மலையை நினைந்து அத்திங்கள் முழுதும் வீட்டிலும் புலால் விலக்குவது தொண்டைநாட்டுக் குடும்பங்கள் பலவற்றின் வழக்கம். சித்தூரில் நம் மாமன் வீட்டில் புரட்டாசி பிறந்தால் கறிச்சட்டியைக் கழுவிப் பரண்மேல் கவிழ்த்துவிடுவார்கள். அச்சட்டி இறங்கும் நாளை நாங்கள் விரல்விட்டு எண்ணிக்கொண்டிருப்போம். இங்கே குழந்தைக்கு அந்தக் காத்திருப்பின் பொருள் விளங்காது. ஆயாவுக்கோ குழந்தைக்காக நோன்பைத் தளர்த்த மனம் ஒப்பாது. "பெண்ணுக்கு மட்டும் தனியாய்ச் செய்து தரட்டுமா?" என்று சகோதரியார் வினவுகிறார். வேண்டா என்போம். ஒரு வீட்டில் இரண்டு அடுப்பு எரிந்தால், ஆயா தம் வீட்டிலேயே விருந்தாளி ஆகிவிடுவார்.

இதற்கு வேல்ஸ் நாட்டார் துணைக்கு வருகிறார்கள். கிளாமார்கன் சாசேஜ் என்று ஒன்று உண்டு. பெயர்தான் சாசேஜ், உள்ளே இறைச்சியும் இல்லை, குடலும் இல்லை. கேர்ஃபிலி என்னும் பாற்கட்டி, லீக்ஸ், ரொட்டித்தூள் ஆகியவற்றைப் பிசைந்து முட்டையால் பிணைப்பது அவர்கள் முறை. நோன்புக்கு முட்டையை நீக்கி, வேகவைத்து மசித்த உருளைக்கிழங்கையும் இரண்டு கரண்டிக் கடலைமாவையும் கொண்டு பிணைக்கலாம். லீக்ஸ் வெங்காயத்தின் இனம். வெங்காயம் பூண்டு விலக்குவோர் பொடியாய் நறுக்கிய முட்டைக்கோசும் கொத்தமல்லியும் சேர்ப்பீராக. பாற்கட்டி சிலவற்றைக் கன்றின் இரைப்பைச் சாறு கொண்டு உறையவைப்பர். ஆதலால் சைவ அடையாளம் இட்ட உறையைப் பார்த்து வாங்கவேண்டும். 200 கிராம் கிழங்குக்கு 120 கிராம் துருவிய பாற்கட்டி, ஒரு கைப்பிடிக் காய், 100 கிராம் ரொட்டித்தூள் என்பது நமக்கு ஒத்துவந்த அளவு. விரல் நீளத்துக்கு உருட்டி, ரொட்டித்தூளில் புரட்டி, அரைமணி நேரம் குளிர்பெட்டியில் வைத்தால் உடையாது. சிறிது எண்ணெயில் எல்லாப் புறமும் சிவக்கப் பொரித்துத் துடைத்துவிட்டு, அதே கிளிமூக்குப் பாகை ஒரே ஒரு பூச்சாய்ப் பூசுங்கள். இது மென்மையானதாகையால் இரண்டாம் பூச்சைத் தாங்காது.

உருட்டும் வேலையைக் குழந்தையிடமும், பாகின் பதம் பார்க்கும் வேலையை ஆயாவிடமும் ஒப்படைக்குமாறு சகோதரியாருக்குத் தனிமடலும் எழுதியிருக்கிறோம். சித்தூர்ப் பக்கத்து ஆயா பாகுப்பதம் பார்த்தால் நாம் எழுதிய மூன்று எண்ணும் கணக்கைத் திருத்தக்கூடும். திருத்தினால் அதனை எழுதியனுப்புக. ஐப்பசி இதழில் வெளியிடுவோம். புரட்டாசிக்குப்பின் கறிச்சட்டி இறங்கும் வாரத்துக்கென உறைபெட்டியில் ஆறு கட்டிக் கூழை இப்போதே எடுத்து வைத்துவிட்டோம்.